ஊறிப்போன கொப்பியிலிருந்து ஒரு பழைய வாலட்

2017இல் ஆசைக்குக் கொஞ்சம் பிட்காயின் வாங்கி ஃபோன் வாலட்டில் போட்டிருந்தேன். இரண்டு வருடத்தில் ஃபோன் செத்தது. மிச்சம், வாலட்டை மீட்க உதவும் பன்னிரண்டு ஆங்கிலச் சொற்கள் எழுதிய ஒரு சி.ஆர். கொப்பி. மட்டக்களப்புக் கல்லடியில் எங்கள் வீடு வாவிப் பக்கம். ஒரு மாரிக்கு வெள்ளம் உள்ளே வந்து கொப்பியும் ஊறியது. ஏழாவது சொல்லில் 'சி, ஏ' என்ற முதல் இரண்டு எழுத்துகள்தான் தெரிந்தன.

கொமியூனிகேஷன் கடைத் தம்பி, "அண்ணன், சொல்லுகள இதுல அடிங்க, நான் எடுத்துத் தாறன்" என்றார். நல்ல மனதோடுதான் கேட்டார். ஆனால் அந்தச் சொற்கள் யார் கையில் இருக்கிறதோ, காசும் அவருடையதுதான். டெலிகிராமில் தானாக வந்து 'மீட்டுத் தருகிறேன்' என்றவருக்குப் பதிலே போடவில்லை.

பென் டிரைவிலிருந்தே ஓடும் டெய்ல்ஸ் இயங்குதளத்தைப் போட்டு, வைஃபையை அணைத்து, அதிலேயே வரும் எலக்ட்ரம் என்ற பிட்காயின் வாலட் மென்பொருளில் உட்கார்ந்தேன். இந்தச் சொற்களை எடுக்கும் பிஐபி39 என்ற பொதுப் பட்டியலில் 2048 சொற்கள். 'சி, ஏ'யில் தொடங்குபவை 42. ஒவ்வொன்றாக அடித்தால் செக்சம் (பன்னிரண்டும் ஒன்றோடொன்று பொருந்துகிறதா என்ற சோதனை) சரியா பிழையா என்று எலக்ட்ரமே சொல்லும். ஏறத்தாழ பதினாறில் ஒன்றுதான் தேறும். எனக்கு மூன்று தேறின.

மூன்றுக்கும் மாஸ்டர் பப்ளிக் கீயை (இருப்பைப் பார்க்க மட்டும் உதவும் சாவி) எடுத்து, இணையமுள்ள மடிக்கணினியில் பார்த்தேன். அதை வைத்து யாரும் செலவழிக்க முடியாது. மூன்றிலும் பூச்சியம். அன்று இரவு சோறு இறங்கவில்லை.

மறுநாள்தான் உறைத்தது. என் பழைய முகவரி '1'இல் தொடங்கும்; எலக்ட்ரம் தானாகத் தெரிவு செய்திருந்தது 'பிசி1'இல் தொடங்கும் புதிய வகை. பழைய வகையான லெகசிக்கு மாற்றினேன்; முகவரிகளை உருவாக்கும் பாதை 44. தேறிய மூன்றில் இரண்டாவதில் காசு கிடந்தது. அந்தச் சொல் 'கனூ', நம்மூர்த் தோணி! (அந்த வாலட் இப்போது காலி, சொன்னாலும் பரவாயில்லை.)

முதலில் சிறு தொகை, அது போய்ச் சேர்ந்த பிறகு மீதி. எல்லாம் புதிய வாலட்டுக்கு.

இப்போது இரண்டு வருடமாக எலக்ட்ரம்தான். பார்க்க அழகில்லை, ஆனால் ஒருமுறையும் கைவிடவில்லை. அப்டேட் மட்டும் அதன் சொந்தத் தளத்தில் எடுத்து, உருவாக்கியவரின் டிஜிட்டல் கையொப்பம் சரிபார்த்த பிறகுதான். 2018 கடைசியில் பழைய பதிப்புகளில் போலி அப்டேட் செய்தி காட்டித்தான் பலரிடம் திருடினார்கள். இங்கே கிரிப்டோ நடத்த யாருக்கும் உரிமம் கொடுக்கவில்லை என்று இலங்கை மத்திய வங்கி பலமுறை எச்சரித்திருக்கிறது. தொலைந்தால் போய் முறையிட இடமில்லை.

புதிய சொற்களைப் பென்சிலால் இரண்டு தாளில் எழுதினேன். ஒன்று வீட்டில், மேல் தட்டில். மற்றது வெள்ளம் ஏறாத அக்கா வீட்டில், ஒட்டிய உறைக்குள்.