ஜூம் எஃப்3 ரெக்கார்டர்: மாவ் மாவ் முதியவர்களின் பேச்சைப் பதியச் சரிப்படுமா?

கென்யாவில் 1950-களில் பிரிட்டிஷ் காலனி ஆட்சியை எதிர்த்து நடந்த மாவ் மாவ் போரை நேரில் கண்டவர்கள் இன்று எண்பது, தொண்ணூறு வயதுக்காரர்கள். காலனி அரசு போகும்போது பல கோப்புகளை எரித்துவிட்டது. பிரிட்டனுக்குக் கொண்டுபோய்ப் பதுக்கியவை 2011-இல்தான் வெளியே வந்தன. சுதந்திரம் கிடைத்த பிறகும் அந்த இயக்கத்தின் மீதான தடை 2003 வரை நீடித்தது. எனவே ஆவணப்படம் எடுப்பவருக்கு அந்த முதியவர்களின் வாய்ச்சொல்தான் மூலம். ரெக்கார்டர் சொதப்பினால் இன்னொரு முறை சொல்லச் சொல்லிக் கேட்பதும் நியாயமில்லை.

இயக்கத்தில் சேர இரவில் சத்தியம் எடுத்த கதையைச் சொல்லும்போது குரல் கிசுகிசுப்பாகிவிடும். காட்டில் பாடிய பாட்டு நினைவுக்கு வந்தால் அவரே தொண்டை திறந்து பாடுவார். கிசுகிசுப்புக்கு லெவல் (பதிவின் ஒலியளவு) வைத்த 24-பிட் கருவியில் பாட்டு உடைந்துபோகும். ஜூம் எஃப்3 என்ற சிறு ரெக்கார்டரில் லெவல் வைக்கும் வேலையே இல்லை. மைக் செருகும் இரண்டு உள்ளீடுகளும் 32-பிட் ஃப்ளோட்டில், அதாவது மிக மெல்லிய ஒலியும் மிகப் பலத்த ஒலியும் ஒரே கோப்பில் அடங்கும் முறையில், பதிகின்றன. எடிட்டிங்கில் அலைவடிவம் தட்டையாகத் தெரிந்தால் பதற வேண்டாம், ஒலியளவை ஏற்றினால் குரல் வந்துவிடும்.

ஆனால் இது மந்திரப் பெட்டி இல்லை. வயர்லெஸ் காலர் மைக்கின் டிரான்ஸ்மிட்டரிலேயே ஒலி உடைந்தால் எந்த ஃப்ளோட்டும் காப்பாற்றாது. அதனால் வயருள்ள காலர் மைக்கே மேல். 3.5 மி.மீ. பின் உள்ளதானால், ரெக்கார்டர் மைக்குக்குத் தரும் 48 வோல்ட் மின்சாரத்தைக் குறைத்துத் தரும் எக்ஸ்எல்ஆர் (மூன்று முள் மைக் செருகி) அடாப்டர் தேவை. முகவாய்க்கு ஒரு சாண் கீழே, சால்வை உரசாத இடத்தில் குத்துங்கள். நியேரி, முராங்கா மேட்டுநிலத்தில் குளிருக்குப் போர்த்தியிருப்பார்கள், உரசல்தான் முதல் எதிரி. இரண்டாவது எதிரி தகரக் கூரை. மார்ச் முதல் மே வரையும், அக்டோபர் முதல் டிசம்பர் வரையும் மழைக்காலம். கூரையில் மழை விழத் தொடங்கினால் நிறுத்திவிடுங்கள். அந்த இரைச்சலைப் பிறகு பிரிக்க முடியாது. இரண்டாவது உள்ளீட்டில் ஒரு பூம் மைக் (கோலில் மாட்டிய மைக்) இருந்தால், காலர் மைக் கெட்டாலும் பேச்சு தப்பும்.

இரண்டு ஏஏ பேட்டரி 48 வோல்ட் ஓடும்போது சீக்கிரம் தீரும். யூஎஸ்பி-சி வழியாகப் பவர்பேங்க் கொடுத்துவிடுங்கள். 48 கிலோஹெர்ட்ஸில் இரண்டு டிராக்குக்கு மணிக்குச் சுமார் 1.4 ஜிபி. 192 வரை போகலாம், பேச்சுக்கு அது வீண். ஒலியையும் படத்தையும் பொருத்த உதவும் நேரக்குறியான டைம்கோடு உள்ளேயே இல்லாதது பெரிய குறை. ஒவ்வொரு ஷாட்டுக்கும் கைதட்டுங்கள், லைன்-அவுட்டிலிருந்து கேமராவுக்கும் ஒரு வயர் போடுங்கள். திரை மிகச் சிறியது, வெயிலில் படிக்கக் கண்ணைச் சுருக்க வேண்டும்.

மூலக் கோப்பைத் தொடாமல் மூன்று இடங்களில் வையுங்கள். ஆவணக் காப்பகத்துக்கு 48 கிலோஹெர்ட்ஸ், 24-பிட் வேவ் போதும். ஆனால் மாற்றும் முன் உச்சங்களை 0 டெசிபலுக்குக் கீழே இறக்கிவிடுங்கள். மறந்தால், பதிவில் உடையாத பாட்டு ஏற்றுமதியில் உடையும்.