பொறி வைத்த வீடும் வெறி பிடித்த ஊரும்

ராத்திரிக்கு ஒரு படம்தான் என்று முடிவு. கையில் இருந்தவை இரண்டு: டேவிட் கார்டன் கிரீன் இயக்கிய 2018 'ஹாலோவீன்', அது முடிந்த இடத்திலேயே தொடங்கும் 2021-இன் 'ஹாலோவீன் கில்ஸ்'. இரண்டுமே ஏற்கெனவே பார்த்தவை. முதலாவதையே மறுபடி போட்டேன். (முடிவுகளைச் சொல்லப்போகிறேன், பார்க்காதவர்கள் உஷார்.)

பயத்தில் இரண்டும் சளைத்தவை அல்ல. ரத்தம் இரண்டாவதில் கூடுதல். ஜான் கார்பென்டரின் இசை இரண்டிலும் உண்டு. அதை விடுங்கள். நான் பார்ப்பது ஒன்றைத்தான்: பழிவாங்கக் கிளம்பினால் செலவு யார் தலையில் விழுகிறது?

2018 படத்தில் அது மகள் தலையில் விழுகிறது. 1978-இல் முகமூடிக் கொலைகாரன் மைக்கேலிடமிருந்து உயிர்தப்பிய லோரி, 40 வருடமாக அவனுக்காகக் காத்திருக்கிறார். வீடு முழுக்கத் துப்பாக்கி. சமையலறை நடுமேடையை நகர்த்தினால் கீழே பதுங்கு அறை. மகள் கேரனையும் சண்டைக்கே பழக்கி வளர்த்ததில், 12 வயதில் அரசு அவளைப் பிரித்துக்கொண்டு போய்விட்டது. எனக்கு மறக்காத காட்சியில் ஒரு கொலைகூட இல்லை. உணவகத்தில் பேத்தி ஆலிசனோடு குடும்பம் உட்கார்ந்திருக்கிறது. மனநோய்க் காப்பகத்திலிருந்து மைக்கேலை ஏற்றிய பேருந்து புறப்பட்டதைப் பார்த்துவிட்டு வரும் லோரி, மேஜையில் இருந்த வைனை எடுத்து மடக்கென்று குடிக்கிறார், அப்புறம் உடைந்துபோகிறார். இந்தக் கூத்தைப் பலமுறை பார்த்துச் சலித்தவளாகத்தான் கேரன் எனக்குத் தெரிந்தாள்.

அதே கேரன் கடைசியில் பதுங்கு அறையில் துப்பாக்கியோடு நின்று, என்னால் முடியாது என்று அழுகிறாள். மைக்கேல் படி மேல் தலைகாட்டியதும் குரல் மாறுகிறது, சுடுகிறாள். அழுகை நடிப்பு! கைதட்டத் தோன்றும், கூடவே வயிற்றைப் பிசையும்: தொலைந்த பிள்ளைப்பருவத்துக்குக் கிடைத்த பலன் அந்த ஒரு தோட்டா. வீட்டையே கொளுத்திவிட்டு மூவரும் வண்டியேறும்போது ஆலிசன் கையில் கத்தி அப்படியே இருக்கிறது.

'கில்ஸ்' அந்தச் செலவை ஊர் மேல் ஏற்றுகிறது. 1978-இல் லோரி பார்த்துக்கொண்ட சிறுவன் டாமி டாயில், வளர்ந்து கூட்டம் சேர்க்கிறான். மைக்கேல் என்று நினைத்து, அதே பேருந்திலிருந்து தப்பிவந்த வேறொரு நோயாளியை மருத்துவமனைக்குள் துரத்துகிறார்கள். காப்பாற்றப் பார்ப்பது கேரன்தான். அவன் ஜன்னல் வழியே குதித்துச் சாகிறான். இந்தப் பகுதி முதல் படத்துக்கு ஈடானது, மறுக்க மாட்டேன். ஆனால் அப்பாவியைக் கொன்ற குற்ற உணர்ச்சி இரண்டு வசனத்தில் முடிந்து, கூட்டம் அடுத்த வேட்டைக்குக் கிளம்பிவிடுகிறது. லோரியோ பெரும்பாலும் மருத்துவமனைப் படுக்கையில்.

'கில்ஸ்' நடுப்பாகம் என்பதையும் சொல்லவேண்டும். ஊரின் காயத்தை 2022-இன் 'ஹாலோவீன் எண்ட்ஸ்' எடுத்துப் பேசுகிறது. அதை ஒரே தடவைதான் பார்த்தேன், அதுவும் அரைத்தூக்கத்தில். சேர்த்துப் பார்த்தவர்களுக்கு 'கில்ஸ்' இன்னும் கனமாகத் தெரியக்கூடும்.