ரப்பர் பாலா, ஜெலட்டினா, சிலிக்கோனா?

கையில் அதிகம் காசில்லாமல் திகில் படம் எடுக்க இறங்குகிறவர்கள் முதலில் தடுமாறும் இடம், காயத்தை எதில் செய்வது என்பதுதான். பலரும் விலையைப் பார்த்து முடிவெடுக்கிறார்கள். நான் வெளிச்சத்தைப் பார்க்கச் சொல்வேன். காதுமடலுக்குப் பின்னால் டார்ச் அடித்தால் சிவப்பாகத் தெரிகிறதல்லவா? வெளிச்சம் நம் தோலுக்குள் சற்றுப் புகுந்து பரவும். அப்படிப் பரவாத எதுவும் கேமரா நெருங்கியதும் ஒட்டுவேலை என்று தெரிந்துவிடும்.

ரப்பர் பால் தோற்பது இங்கேதான். டிஷ்யூ காகிதத்தோடு அடுக்கடுக்காகப் பூசி, மேலே வண்ணமும் அடித்தபின் வெளிச்சம் நுழைய வழியே இல்லை. ஆனால் பின்னணியில் நடமாடும் இருபது பிணங்களுக்கு இதைவிட மலிவான வழி கிடையாது. அம்மோனியா நெடியைப் பொறுத்துக்கொள்ள வேண்டும். சிலருக்கு ஒவ்வாமை வரும் என்பதால் முந்தின நாளே மணிக்கட்டில் தடவிப் பார்த்துவிட வேண்டும்.

காயத்துக்கு ரத்தமும் வேண்டும். 1968இல் வந்த ‘நைட் ஆஃப் தி லிவிங் டெட்’ கறுப்பு வெள்ளைப் படம் என்பதால் சாக்லேட் சிரப்பே ரத்தமாகிவிட்டது. வண்ணத்தில் அந்தச் சலுகை இல்லை. ‘தி ஈவில் டெட்’ குழுவினர் சோளப் பாகில் சிவப்புச் சாயத்தோடு காபி க்ரீமரையும் கலந்தார்கள். வெறும் பாகு கண்ணாடிபோல் ஊடுருவித் தெரியும். க்ரீமர் சேர்ந்தால்தான் ரத்தத்தின் அடர்த்தி வரும். தோலுக்கு ஊடுருவல் வேண்டும், ரத்தத்துக்கு அது குறைய வேண்டும்.

ஜெலட்டின் என் கட்சி. தூளைக் கிளிசரினில் ஊறவைத்து, கொதிக்கவிடாமல் சூடாக்கி, எண்ணெய் தடவிய தட்டில் ஊற்றினால் சில நிமிடங்களில் இறுகிவிடும். நடுவில் தடித்து, ஓரத்தில் வெங்காயச் சருகைப்போல் மெலிந்திருக்க வேண்டும். வெந்நீர் தொட்ட தூரிகையால் அந்த ஓரத்தை நீவினால் கரைந்து தோலோடு சேர்ந்துவிடும். எங்கே முடிகிறது என்று ஒட்டியவருக்கே தெரியாது. அதன் எதிரி வெயிலும் வியர்வையும். ஒருமுறை காலையில் நான் நெற்றியில் ஒட்டிய வெட்டுக்காயம், மதியத்துக்குள் புருவத்துக்கு இறங்கிவிட்டது. அன்றிலிருந்து பகல் காட்சிக்கு அதைத் தொடுவதில்லை.

சிலிக்கோன் வெயிலுக்கு அசராது, தோலைப்போலவே அசையும். விலைதான் கசக்கும். ஓரத்தைக் கரைத்து ஒட்டுவதால் ஒரு துண்டு ஒரு நாளைக்குத்தான். பிளாட்டினம் சேர்த்து இறுகவைக்கும் சிலிக்கோன் வகை இன்னும் நுணுக்கமானது: கந்தகம் கலந்த களிமண்ணோ ரப்பர் கையுறையோ பட்டால் இறுகாமல் பிசுபிசுவென்றே கிடக்கும். நாயகியின் முகம் பல நாள் பகல் வெளிச்சத்தில் நெருக்கமாக வருகிறதென்றால் மட்டும் கடன் வாங்கியாவது இதற்குப் போகலாம்.

இரவுப் படப்பிடிப்புக்கு ஜெலட்டினே போதும். ஊற்றும்போது பிசகிய துண்டைக்கூட மறுபடி உருக்கி ஊற்றிவிடலாம்.