மெகா டிரைவ்: எந்தத் துணைக்கருவியை வாங்கலாம், எதை விட்டுவிடலாம்

செகா நிறுவனத்தின் பழைய வீடியோ கேம் கன்சோலான மெகா டிரைவைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் பலரும் அதன் வேகத்தில்தான் தொடங்குவார்கள். பல வருடமாக அதை டிவிக்குப் பக்கத்திலேயே வைத்து விளையாடிவரும் எனக்கு, அதன் பெரிய பலம் கேசட்டுகள்தான். துணைக்கருவி எதைப் பார்த்தாலும் நான் கேட்பது ஒரே கேள்வி: இதை மாட்டினால் புதிதாக என்ன நல்ல கேம் விளையாடக் கிடைக்கும்? இந்தக் கேள்விக்குச் சில கருவிகள் நன்றாகவே பதில் சொல்கின்றன. ஒன்று மட்டும் சொல்லவே இல்லை.

முதலில் கன்சோல். 1988 அக்டோபரில் ஜப்பானில் வந்தது. அடுத்த ஆண்டு அமெரிக்காவுக்கு ஜெனிசிஸ் என்ற பெயரில் போனது, 1990இல் ஐரோப்பாவுக்கு. உள்ளே மோட்டரோலா 68000 பிராசசர், கூடவே ஒலிக்கு உதவ ஒரு இசட்80. திரையில் பொதுவாக 64 நிறங்களுக்கு மேல் காட்ட முடியாது. போட்டிக் கன்சோலான சூப்பர் நின்டெண்டோவோடு ஒப்பிட்டால் இது குறைவுதான். ஆனால் யமஹா ஒய்எம்2612 ஒலிச் சிப் அந்தக் குறையை ஈடுகட்டிவிடுகிறது. யூசோ கோஷிரோ இசையமைத்த ஸ்ட்ரீட்ஸ் ஆஃப் ரேஜ் 2 (1992) கேமை ஹெட்போனில் கேட்டுப் பாருங்கள். முதல் மாடலின் முன்பக்கத்தில் ஹெட்போன் ஓட்டையும் ஒலியைக் கூட்டிக் குறைக்க ஒரு தள்ளுகட்டையும் இருக்கும். அந்த மாடலில் ஸ்டீரியோ ஒலி அங்கேதான் வரும், பின்பக்க ஏவி வயரில் வருவது மோனோ. அந்த ஒரு காரணத்துக்காகவே முதல் மாடலைத் தேடி வாங்கச் சொல்வேன்.

கேம்களில் கன்ஸ்டார் ஹீரோஸ் (1993) இன்னும் சலிக்கவில்லை. நான்கு வகைத் துப்பாக்கிகளில் எந்த இரண்டையும் சேர்த்துப் புது ஆயுதமாக்கலாம். கூட ஒருவர் உட்கார்ந்து ஆடினால் வீடே சத்தமாகிவிடும். தனியாக உட்கார்ந்தால் தண்டர் ஃபோர்ஸ் 4, நீண்ட கதை வேண்டுமென்றால் ஃபேன்டசி ஸ்டார் 4. கடைசியாகச் சொன்னதில் சேவ் செய்வதற்குக் கேசட்டுக்குள்ளேயே பேட்டரி இருக்கிறது. பழைய கேசட் வாங்குகிறவர்கள், பேட்டரி மாற்றியதா என்று விற்பவரிடம் கேட்டுவிட்டு வாங்குங்கள்.

இந்தக் கன்சோலுக்கு வந்த மிகச் சிறந்த துணைக்கருவி எது என்று கேட்டால் நான் ஒரு கேசட்டைத்தான் காட்டுவேன்: 1994இல் வந்த சோனிக் அண்ட் நக்கிள்ஸ். அதன் தலையில் ஒரு மூடி உண்டு. அதைத் திறந்தால் இன்னொரு கேசட்டைச் சொருக இடம் இருக்கும். அங்கே சோனிக் 3ஐச் சொருகினால் இரண்டும் சேர்ந்து ஒரே நீளமான கேம் ஆகிவிடும். சேவ் செய்யும் இடங்கள் ஆறிலிருந்து எட்டாகும், நக்கிள்ஸ் என்ற பாத்திரத்தை வைத்து சோனிக் 3இன் நிலைகளையும் ஓடலாம். சோனிக் 2ஐச் சொருகினால் அதிலும் நக்கிள்ஸ் வந்துவிடுவான். செங்குத்துச் சுவரில் ஏறவும் காற்றில் மிதக்கவும் அவனால் முடியும் என்பதால், மனப்பாடமாகத் தெரிந்த நிலைகளில்கூட எட்டாத மூலைகள் கைக்கு வரும். ஒரே கேமாகத் திட்டமிட்டது, நேரம் போதாமலும் கேசட் செலவு கூடியதாலும் இரண்டாகப் பிரிந்தது. அந்த நெருக்கடியிலிருந்து இப்படி ஒரு யோசனை பிறந்ததை நினைத்தால் இன்றும் எனக்குப் பிரமிப்புதான்.

அடுத்தது ஆறு பட்டன் கன்ட்ரோலர். 1993இல் ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2 மெகா டிரைவுக்கு வந்த சமயத்தில் வந்தது. மூன்று பட்டன் கன்ட்ரோலரில் அந்த கேமை ஆடினால் குத்துக்கும் உதைக்கும் நடுவில் ஸ்டார்ட் பட்டனை அழுத்தி மாற்றிக்கொண்டே இருக்க வேண்டும். அது விளையாட்டே இல்லை. ஆறு பட்டன் கன்ட்ரோலர் கைக்கும் அடக்கமாக இருக்கும். சில பழைய கேம்கள் மட்டும் இதைப் பார்த்துக் குழம்பும். மோட் பட்டனை அழுத்திப் பிடித்தபடி கன்சோலை ஆன் செய்தால் மூன்று பட்டன் கன்ட்ரோலர் போல நடந்துகொள்ளும். முதல் செலவு இதற்குத்தான் இருக்க வேண்டும்.

பவர் பேஸ் கன்வெர்ட்டர் எனக்குப் பிடித்த சின்ன அதிசயம். செகாவின் முந்தைய கன்சோலான மாஸ்டர் சிஸ்டத்தின் கேசட்டுகளை மெகா டிரைவில் ஓட்டுவது இதன் வேலை. மாஸ்டர் சிஸ்டத்தின் பிராசசரும் இசட்80தான். அது ஏற்கெனவே மெகா டிரைவுக்குள் இருப்பதால், இந்தக் கருவி பெரிதாக எதுவும் செய்வதில்லை, கேசட்டை உள்ளே இணைத்துக் கொடுக்கிறது, அவ்வளவுதான். மாஸ்டர் சிஸ்டத்தில் கேமை இடையில் நிறுத்திவைக்கும் பாஸ் பட்டன் கன்சோலின் மேலேயே இருக்கும். அதனால் கன்வெர்ட்டரின் மேலும் ஒரு பாஸ் பட்டன் வைத்திருக்கிறார்கள். வொண்டர் பாய் 3, முதல் ஃபேன்டசி ஸ்டார் இரண்டுக்காகவே இது தகும். முதல் மாடலின் வடிவத்துக்கு ஏற்றபடி செய்தது என்பதால் இரண்டாம் மாடலில் சரியாக உட்காராது.

கேம்களை சிடியிலிருந்து ஓட்டும் மெகா சிடி விஷயத்தில் நிதானம் வேண்டும். ஜப்பானில் 1991 டிசம்பர், அமெரிக்காவில் அடுத்த ஆண்டு 299 டாலர். உள்ளே இன்னொரு 68000, அதுவும் 12.5 மெகாஹெர்ட்ஸ். படத்தைச் சுழற்றவும் பெரிதாக்கவும் தனிச் சிப் இருக்கிறது. இவ்வளவு இருந்தும் பல டிஸ்க்குகள் புள்ளி புள்ளியாகத் தெரியும் வீடியோக்களை நம்பியே வந்தன. அந்த வகையைச் சேர்ந்த நைட் டிராப் என்ற கேம், 1993 டிசம்பரில் அமெரிக்க செனட் விசாரணை வரை போய், கேம்களுக்கு வயதுத் தரக்குறியீடு வருவதற்கு ஒரு காரணமானது. இப்படி வீடியோவை நம்பி வந்த கேம்களை ஒதுக்கிவிட்டால் மிஞ்சுவது கொஞ்சம்தான், ஆனால் அந்தக் கொஞ்சம் அருமை: காலத்தில் முன்னும் பின்னும் போகும் சோனிக் சிடி, குரல் நடிப்போடு வரும் ஸ்னாட்சர், லூனார். சோனிக் சிடிக்கு ஜப்பான், ஐரோப்பியப் பதிப்பில் ஓர் இசை, அமெரிக்கப் பதிப்பில் வேறு இசை. நான் ஜப்பான் இசையின் பக்கம். சேவ் செய்ய உள்ளே இருப்பது வெறும் 8 கிலோபைட்தான். இரண்டு மூன்று ஆர்பிஜி (பாத்திரமேற்று ஆடும் நீண்ட கதை கேம்) வைத்திருந்தால் இடம் போதாது, தனியாக பேக்கப் ராம் கேசட் வாங்க வேண்டிவரும். லேசரும் மோட்டாரும் முப்பது வருடம் தாண்டியவை, ஓட்டிப் பார்க்காமல் வாங்காதீர்கள்.

சரி, மெகா டிரைவின் திறனைக் கூட்ட அதன் மேல் சொருகும் 32எக்ஸ். அமெரிக்காவில் 1994 நவம்பர், 159 டாலர். இரண்டு எஸ்எச்-2 பிராசசர்கள், 32,768 நிறங்கள். காகிதத்தில் பார்த்தால் மயக்கும். ஆனால் அதே மாதம் ஜப்பானில் செகாவின் சாட்டர்ன் கன்சோலே வந்துவிட்டது. இன்னும் சில மாதத்தில் காலாவதியாகப் போகும் கருவிக்கு யார் கேம் எழுதுவார்கள்? சுமார் நாற்பது கேம்களோடு கதை முடிந்தது. வர்ச்சுவா ரேசிங் டீலக்ஸ் உண்மையிலேயே நன்றாக இருக்கிறது. ஆனால் இதற்குத் தனி மின் அடாப்டர், கன்சோலிலிருந்து 32எக்ஸுக்கு ஒரு தனி வயர், மெகா சிடியும் இருந்தால் மொத்தம் மூன்று அடாப்டர்! பவர் பேஸ் கன்வெர்ட்டரும் இதன் மேல் வேலை செய்யாது. தனிச் சிப்போடு வந்த பழைய வர்ச்சுவா ரேசிங் கேசட்டும் ஓடாது. கையில் இருக்கும் கேம்களையே குறைக்கும் கருவிக்கு நான் பணம் கொடுக்க மாட்டேன்.

நம் பக்கம் வாங்குகிறவர்களுக்கு இரண்டு விஷயம். ஜப்பான் அடாப்டர் 100 வோல்ட்டுக்கானது, நம் 230 வோல்ட்டில் நேராகச் சொருகினால் கருகிவிடும். வேறு அடாப்டர் வாங்கினாலும் கவனம்: முதல் மாடலுக்குப் பின்னின் நடுவில் நெகட்டிவ் வர வேண்டும். கடையில் சாதாரணமாகக் கிடைப்பவற்றில் பெரும்பாலும் பாசிட்டிவ்தான் இருக்கும். அப்புறம், ஐரோப்பிய 50 ஹெர்ட்ஸ் கன்சோலில் பல கேம்கள் ஆறில் ஒரு பங்கு மெதுவாக ஓடும், மேலும் கீழும் கறுப்புப் பட்டையும் விழும். 60 ஹெர்ட்ஸ் ஜப்பான் அல்லது அமெரிக்க மாடல் கிடைத்தால் அதையே எடுங்கள்.

நிறங்களைத் தனித்தனியாக அனுப்பும் ஆர்ஜிபி வயர் போட்டால் எழுத்துகள் பளிச்சென்று தெரியும். ஆனால் சோனிக் முதல் பாகத்தில் அருவியைச் செங்குத்துக் கோடுகளாகத்தான் வரைந்திருப்பார்கள். பழைய ஏவி வயரில் அந்தக் கோடுகள் கலங்கி, தண்ணீர் கண்ணாடி மாதிரித் தெரியும். நான் சோனிக்குக்கு மட்டும் ஏவி வயருக்கு மாறிக்கொள்கிறேன்.