கார் ரிப்பேர் மேனுவல்: எதை நம்பி ஸ்பேனரை எடுப்பது?

கோத்தகிரியில் எங்கள் வீட்டு வாசலில் இரண்டு கார்கள் நிற்கின்றன. ஒன்று அப்பாவின் 1998 மாருதி 800, இன்னொன்று அக்காவின் 2007 பெட்ரோல் ஸ்விஃப்ட். ஆயில், ஃபில்டர், ப்ளக், பிரேக் பேட், ரேடியேட்டர் ஹோஸ் வரை நானே பார்த்துக்கொள்கிறேன். அதற்கு மேல் என்றால் மேட்டுப்பாளையமோ கோவையோ இறங்க வேண்டும், ஒரு நாள் போய்விடும். நானும் கற்றுக்கொள்கிறேன் என்று வருகிறவர்கள் முதலில் கேட்பது, "எதைப் பார்த்துச் செய்வது?" என்றுதான். நான் புழங்கிப் பார்த்த வழிகளை வைத்துச் சொல்கிறேன்.

வண்டியோடு வரும் ஓனர்ஸ் மேனுவலை யாரும் மதிப்பதில்லை. ஆனால் எந்த ஆயில், எத்தனை லிட்டர், டயர் காற்று எவ்வளவு, எந்த ஃபியூஸ் எதற்கு, ஜாக்கியை எங்கே கொடுப்பது என்பதெல்லாம் அதில் இருக்கிறது. தொலைந்துவிட்டாலும் புதிய மாடல்களுக்குப் பல கம்பெனிகள் தங்கள் இணையதளத்திலேயே இலவசமாகத் தருகின்றன. ஆயில் மாற்றும் அளவுக்கு இது போதும். ஒரு பாகத்தைக் கழற்றி மாட்டுவது எப்படி என்று இதில் தேடினால் கிடைக்காது. அது ஓட்டுகிறவருக்காக எழுதிய புத்தகம்.

அடுத்தது யூடியூப். கை வேலையைக் காட்டுவதில் இதற்கு ஈடு கிடையாது. ஸ்விஃப்ட்டின் கதவு உள்பலகையைக் கழற்ற வேண்டியிருந்தபோது, கிளிப் எந்தப் பக்கம் இருக்கிறது, எந்தத் திசையில் இழுத்தால் உடையாது என்பதைத் தமிழில் பேசும் ஒரு வீடியோவைப் பார்த்து இரண்டு நிமிடத்தில் புரிந்துகொண்டேன். அதையே எழுத்தில் படித்திருந்தால் அரை மணி நேரம் ஆகியிருக்கும்.

ஆனால் எண்களுக்கு வீடியோவை நம்பாதீர்கள். 800-க்கு ஸ்பார்க் ப்ளக் மாற்றும்போது, "25 வைத்து முறுக்குங்க" என்று வீடியோவில் சொன்னார்கள். எந்த அளவில் 25 என்று சொல்லவில்லை. வைத்த முறுக்கு விசை வந்ததும் 'டிக்' என்று சொல்லும் என் டார்க் ரெஞ்சில் நியூட்டன் மீட்டர் ஒரு பக்கமும் அடி பவுண்டு மறுபக்கமும் இருக்கும். நான் அடி பவுண்டுப் பக்கம் 25 வைத்தேன். நியூட்டன் மீட்டரில் அது ஏறக்குறைய 34. ப்ளக் உட்காரும் எஞ்சின் மேல்பாகம் (ஹெட்) அலுமினியம், இருபது வருஷத்துக்கு மேலான மரை. ரெஞ்ச் 'டிக்' என்று சொல்வதற்குள் கையில் ஒரு தளர்ச்சி தெரிந்தது. வெண்ணெயில் ஆணி போவதைப் போல ப்ளக் சும்மா சுற்றியது. மெக்கானிக் அண்ணா வந்து மரை வெட்டி, ஹெலிகாயில் என்ற கம்பிச்சுருள் மரையைப் போட்டுக் கொடுத்தார். "தம்பி, நம்பரை மட்டும் கேட்டா பத்தாது, கூட என்ன எழுதியிருக்குன்னு பாக்கணும்" என்றார். அன்றிலிருந்து அளவின் பெயர் போடாத எண் எதையும் நான் எடுத்துக்கொள்வதில்லை.

மலையில் வீடியோவுக்கு இன்னொரு சிக்கலும் உண்டு. மழைக்காலத்தில் மரம் விழுந்தால் கரண்ட் போகும், டவரும் போகும். வண்டி பாதி கழன்று கிடக்கும் நேரத்தில் திரையில் சக்கரம் சுற்றிக்கொண்டிருக்கும். காகிதத்தில் இருந்தால் அந்தக் கவலை இல்லை.

வெளிநாட்டு அச்சு மேனுவல்களில் பெரிய பெயர் ஹேன்ஸ். இங்கிலாந்துக்காரர்கள், 1960-ல் தொடங்கிய நிறுவனம். ஒரு வண்டியை வாங்கி முழுக்கக் கழற்றிப் பூட்டி, அதைப் படமெடுத்துப் புத்தகமாக்கியே பெயர் எடுத்தவர்கள். எழுத்து தெளிவாக இருக்கும், புதிதாகக் கற்பவருக்குக் கை நடுங்காது. ஆனால் நம் ஊர் வண்டிக்கு இப்படிப்பட்ட வெளிநாட்டுப் புத்தகத்தை வாங்குமுன் எஞ்சின் வகையின் குறியீட்டைப் பாருங்கள். ஸ்விஃப்ட்டையே எடுத்துக்கொள்வோம். 2005-ல் ஐரோப்பாவில் வந்ததும் 1.3 லிட்டர் பெட்ரோல், இங்கே வந்ததும் 1.3 லிட்டர் பெட்ரோல். அங்கே எம்13ஏ, இங்கே எஸ்டீமில் இருந்த ஜி13பிபி. முதலாவதில் டைமிங் செயின், இரண்டாவதில் டைமிங் பெல்ட். வெளியே ஒரே வண்டி. அட்டையைப் பார்த்து வாங்கியவர், தன் வண்டியில் காலத்துக்கு மாற்ற வேண்டிய பெல்ட் என்று ஒன்று இருப்பதே தெரியாமல் ஓட்டிக்கொண்டிருப்பார்.

சரி, கம்பெனியின் சர்வீஸ் மேனுவலுக்கு வருவோம். என் முதல் ஓட்டு இதற்குத்தான். எந்த போல்ட்டை எந்த வரிசையில் எவ்வளவு முறுக்குவது, பிரேக் டிஸ்க் எத்தனை மில்லிமீட்டருக்குக் கீழே தேய்ந்தால் தூக்கிப் போடுவது, வயரிங் எப்படி ஓடுகிறது என்று எல்லாம் அந்த எஞ்சினுக்கென்றே எழுதப்பட்டிருக்கும். படிக்க வறட்சியாக இருக்கும், தெரிந்தவருக்குச் சொல்வதைப் போலவே பேசும். அதனால் புதியவர் ஒரு முறை வீடியோவைப் பார்த்துவிட்டு இதைத் திறப்பது நல்லது.

கிடைப்பதுதான் கஷ்டம். கம்பெனிகள் இதை டீலர்களுக்குள்ளேயே வைத்துக்கொள்கின்றன. 2014-ல் இந்தியப் போட்டி ஆணையம் 14 கார் கம்பெனிகளுக்கு 2,544 கோடி ரூபாய்க்கு மேல் அபராதம் போட்டது. அசல் உதிரிபாகங்களோடு, கோளாறு கண்டறியும் கருவிகளும் தொழில்நுட்பத் தகவல்களும் வெளி ஒர்க்‌ஷாப்புகளுக்குக் கிடைக்காமல் செய்ததும் அதற்கு ஒரு காரணம். 2022 டிசம்பரில் மத்திய அரசு 'ரைட் டு ரிப்பேர்' (பழுதுபார்க்கும் உரிமை) இணையதளத்தைத் தொடங்கியது. அதில் வாகனத் துறையும் ஒன்று. உங்கள் வண்டிக் கம்பெனி அதில் என்ன தருகிறது என்று ஒரு முறை பார்த்துவிடுங்கள். பழைய மாடல் என்றால் மூடப்போகும் ஒர்க்‌ஷாப்புகளில் கேளுங்கள், கோவை உக்கடத்துப் பழைய புத்தகக் கடைகளிலும் பாருங்கள். பணம் கேட்டு யாராவது பிடிஎஃப் அனுப்பினால், டார்க் அட்டவணையும் வயரிங் படமும் இருக்கும் பக்கங்களை முதலில் காட்டச் சொல்லுங்கள்.

இவ்வளவு கறாராகச் சொல்வதற்குக் காரணம் எங்கள் சாலைகள். ஊட்டியிலிருந்து மசினகுடிக்கு இறங்கும் கல்லட்டியில் 36 கொண்டை ஊசி வளைவுகள். கோத்தகிரியிலிருந்து மேட்டுப்பாளையம் போவதென்றாலும் இறக்கம்தான். இறக்கத்தில் பிரேக்கை மிதித்துக்கொண்டே போனால் சூடேறும், அந்தச் சூடு பிரேக் ஆயிலுக்கும் போகும். டாட் 3, டாட் 4 என்பவை பிரேக் ஆயிலின் தரங்கள். புது டாட் 3 குறைந்தது 205 டிகிரி செல்சியஸ் வரை கொதிக்காது. ஈரத்தை உறிஞ்சிய பின் அந்த எல்லை 140 வரை இறங்கிவிடலாம். டாட் 4-க்கு இதே எண்கள் 230, 155. மூடுபனியிலும் மழையிலும் வருஷம் முழுக்க நிற்கும் வண்டியில் ஈரம் சேரத்தான் செய்யும். கொதித்தால் பைப்புக்குள் ஆவி, பெடல் தரைக்குப் போகும். எந்த டாட், எத்தனை மாதத்துக்கு ஒரு முறை, எந்தச் சக்கரத்திலிருந்து பிளீட் செய்வது (பைப்பிலுள்ள காற்றை வெளியேற்றுவது) என்று மூன்றையும் உங்கள் வண்டியின் மேனுவலில் பார்த்துவிட்டுத் தொடுங்கள். வேறு மாடலுக்குச் சொன்னது இங்கே செல்லாது.

ஒன்றே ஒன்றுக்குத்தான் செலவழிக்க முடியும் என்றால் சர்வீஸ் மேனுவல். அது கிடைக்கும்வரை ஓனர்ஸ் மேனுவலும் வீடியோவும் வைத்துக்கொண்டு ஆயில், ஏர் ஃபில்டர், வைப்பர், பல்பு இவற்றோடு நிறுத்திக்கொள்ளுங்கள். பிரேக்கையும் ஸ்டீயரிங்கையும் அதுவரை மெக்கானிக்கிடமே விடுங்கள்.

ஸ்விஃப்ட்டுக்கு இந்த வருஷம் டைமிங் பெல்ட் மாற்ற வேண்டும். அது என் கைக்கு மீறிய வேலை, மெக்கானிக் அண்ணாதான் செய்யப்போகிறார். மேனுவலில் அந்தப் பக்கங்களைப் பிரிண்ட் எடுத்து, பிளாஸ்டிக் உறையில் போட்டு அவரிடம் கொடுத்திருக்கிறேன். பெல்ட்டை இறுக்கமாக வைத்திருக்கும் டென்ஷனரின் போல்ட்டுக்கான எண்ணுக்குப் பக்கத்தில் நியூட்டன் மீட்டர் என்று பேனாவால் பெரிதாக எழுதியும் வைத்திருக்கிறேன்.