ஐந்து ஐரிஷ் பெயர்களும் ஐந்து சாட்சிகளும்

தம்பிக்கு டப்ளினில் வேலை. அவன் மனைவிக்கு இது ஏழாம் மாதம். பிறக்கப்போகும் பிள்ளைக்குத் தமிழ்ப் பெயரோடு ஓர் ஐரிஷ் பெயரும் இருக்கட்டும் என்று இருவருக்கும் ஆசை. வாட்ஸப்பில் ஐந்து பெண் பெயர்களை அனுப்பினான்: ஃபியோனா, காலீன், கேட்லின், சீர்ஷா, ஈஃபா. “எல்லாமே பழங்கால ஐரிஷ் பேருன்னு போட்டிருக்கு. சரிதானான்னு பாருண்ணே.”

ஞாயிறு முழுக்க அதிலேயே போனது. எந்த இடத்தை எதற்கு நம்பலாம் என்பதுதான் இங்கே விஷயம்.

அவன் எடுத்தது குழந்தைப்பெயர்த் தளங்களிலிருந்து. பார்க்க எளிது, எந்தப் பெயரைத் தட்டினாலும் பொருள் வந்து விழும். ஆனால் பெண்ணென்றால் ‘அழகி’, பையனென்றால் ‘வீரன்’. அதைத் தாண்டி அபூர்வமாகத்தான் போகிறார்கள். லியம் என்றால் ‘உறுதிமிக்க காவலன்’ என்கிறார்கள். லியம் என்பது ‘இல்லியம்’ என்ற பெயரின் வால். அதுவோ நார்மன்காரர்கள் கொண்டுவந்த வில்லியம். ஜெர்மானிய வேர்: ‘விருப்பம்’, ‘தலைக்கவசம்’ என்ற இரண்டு சொற்கள். காவலன் எங்கே வந்தான்? காலீன் கதை இன்னும் வேடிக்கை. ஐரிஷில் ‘கலீன்’ என்றால் பொண்ணு, அவ்வளவுதான். அமெரிக்காவிலும் ஆஸ்திரேலியாவிலும்தான் அதைப் பெயராக வைத்தார்கள். நம்மூரில் ஒருத்திக்குப் ‘பொண்ணு’ என்றே பெயர் வைத்து, அது சங்ககாலப் பெயர் என்று சொன்ன மாதிரி.

இதற்கு நேர் எதிர், தான்ஹா ஓ கொராயினும் ஃபிடெல்மா மக்வயரும் 1981-இல் வெளியிட்ட ‘கேலிக் பெர்சனல் நேம்ஸ்’. ஒரு பெயர் எந்தப் புராணக் கதையில், எந்த அரச வம்சாவளியில், எந்தத் துறவிக்கு வருகிறது என்று ஆள் ஆளாகக் காட்டும் புத்தகம். ஒரு பெயர் பழசா என்ற கேள்விக்கு இதைத்தான் முதலில் பார்ப்பேன். கூடவே, ஏறத்தாழ 700 முதல் 1700 வரையிலான ஐரிஷ் சொற்களுக்கான அகராதி இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. பெயரை உடைத்து வேரை அதில் சரிபார்க்கலாம். கெவின் என்பதன் மூலமான ‘கீவீன்’ என்ற பெயர் ‘இனிய’, ‘பிறப்பு’ என்ற இரண்டு சொற்களாகப் பிரிவதை இப்படித்தான் உறுதிசெய்ய முடிகிறது. குறை என்ன? 1981-க்குப் பிறகு வந்த மோஸ்தர்களுக்கு அந்தப் புத்தகத்தில் வேலையில்லை.

சரி, சாதாரண ஜனங்கள் என்ன பெயர் வைத்தார்கள்? இதற்கு 1901, 1911 மக்கள்தொகைக் கணக்கெடுப்பு. முந்தைய கணக்கெடுப்புகளில் பெரும்பகுதி அழிந்துவிட்டது. 1922-இல் டப்ளினில் ஆவணங்கள் இருந்த ஃபோர் கோர்ட்ஸ் நீதிமன்ற வளாகம் எரிந்தபோது போனவையும் அதில் சேர்த்தி. அதனால் முழுசாக மிஞ்சியதில் பழையது 1901. அயர்லாந்து தேசிய ஆவணக்காப்பகம் கையெழுத்துப் படிவங்களையே இலவசமாக வைத்திருக்கிறது. எனக்கு ரொம்பப் பிடித்த இடம் இதுதான், ஏமாற்றக்கூடிய இடமும் இதுதான். அந்தக் காலத்தில் ஐரிஷ் பெயர்களைப் பெரும்பாலும் ஆங்கில ஜோடிப் பெயரில்தான் எழுதினார்கள். டைக் என்று கூப்பிட்ட பையன் காகிதத்தில் திமோதி. டியர்மிட், ஜெரமையா. கானர், கொர்னீலியஸ். பொருளில் எந்தச் சம்பந்தமும் இல்லை, ஏதோ ஓசை ஒட்டியது என்று கட்டிவிட்ட ஜோடிகள். தெற்கே கார்க், கெர்ரி மாவட்டங்கள் பக்கத்துப் படிவங்களைப் புரட்டினால் ஜெரமையாக்கள் வரிசையாக நிற்பார்கள். வரியின் கடைசிப் பக்கம் மொழிக்கான கட்டத்தில் ‘ஐரிஷ், ஆங்கிலம்’ என்றிருக்கும். அந்தக் கட்டத்தைப் பார்க்காமல் பெயரை மட்டும் பார்த்தால், பைபிள் பைத்தியம் பிடித்த ஊர் என்றுதான் நினைக்கத் தோன்றும். ‘டைக்’ என்று தேடிக் கிடைக்காவிட்டால் அந்தப் பெயரே இருந்ததில்லை என்று முடிவு கட்டிவிடக் கூடாது.

அயர்லாந்து மத்தியப் புள்ளிவிவர அலுவலகத்தின் பெயர்க் கணக்கு 1964-இலிருந்து இருக்கிறது. எந்த ஆண்டில் எத்தனை பிள்ளைகளுக்கு வைத்தார்கள் என்று துல்லியமாகச் சொல்லும். மூன்றுக்குக் குறைந்தால் வெளியிட மாட்டார்கள். மவுசு தெரியும், மரபு தெரியாது. பையன்களில் பல ஆண்டு முதலிடம் பிடித்தது ஜாக் என்ற ஆங்கிலப் பெயர்.

உச்சரிப்புக்கு டியாங்லன் என்ற அகராதித் தளம். கொனாக்ட், மன்ஸ்டர், அல்ஸ்டர் என்று மூன்று வட்டார ஒலியையும் கேட்கலாம். தளங்கள் ‘இதுதான் சரி’ என்று ஒன்றை மட்டும் போடுவதில் உள்ள கோளாறு இங்கே தெரியவரும். வடக்கே ‘கீவா’ என்று கூப்பிடும் பெண்ணைத் தெற்கே ‘க்வீவா’ என்பார்கள். இரண்டும் சரி.

ஐந்து பெயர்களும் என்ன ஆயின? காலீன் முதலிலேயே போய்விட்டது. ஃபியோனா ஸ்காட்லாந்துச் சரக்கு. 1890-களில் வில்லியம் ஷார்ப் ‘ஃபியோனா மக்லவுட்’ என்ற புனைபெயரில் எழுதிய பிறகு பரவியது. கேட்லின் அரைக்கேஸ்: கேதரினின் ஐரிஷ் வடிவம் ‘கட்லீன்’. ஐரிஷ் தெரியாதவர்கள் அந்த எழுத்துகளை ஆங்கிலமாகக் கூட்டிப் படித்ததில் பிறந்தது ‘கேட்லின்’. சீர்ஷா என்றால் சுதந்திரம். நல்ல பெயர், ஆனால் ஆள்பெயராக வந்தது 20-ஆம் நூற்றாண்டில்தான். ஈஃபா மட்டும் நிஜமாகவே பழசு. புராணக் கதைகளில் உண்டு. 1170-இல் வாட்டர்ஃபோர்டில் நார்மன் பிரபு ஸ்ட்ராங்போவை மணந்த லென்ஸ்டர் அரசன் மகள் பெயரும் அதுதான். இதைக் காகிதத்தில் ‘ஈவா’ என்று எழுதும் வழக்கம் இருந்ததால், ஏவாளின் பெயர் என்று சில தளங்கள் குழப்பிவைத்திருக்கின்றன. இரண்டும் வேறு.

தம்பிக்கு அனுப்பினேன். மறுநாளே ஈஃபாதான் என்று முடிவுசெய்துவிட்டார்கள். ஊரில் அம்மாவிடம் போனில் சொல்லிப் பார்த்தேன். ‘ஃபா’ அவளுக்கு வரவில்லை. “ஈப்பாவா? யாருப்பா அது?” என்றாள்.