பழைய டாங்டுட்டா, கோப்லோவா?

இந்தோனேசியத் தெருவிழாக்களில் ஒலிக்கும் டாங்டுட் இசையைக் கேட்கத் தொடங்குபவர் முன் இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, 1970களில் பாடகர் ரோமா இராமா தன் சொனேத்தா குழுவோடு வகுத்தது. மலாய் இசையும் இந்தித் திரையிசைச் சாயலும் ராக் கிட்டாரும் கலந்த பாட்டில் மதப் பிரச்சாரமும் சமூக விமர்சனமும் இருக்கும். 1977 தேர்தலில் எதிர்க்கட்சிக்காக அவர் மேடையேறியதால் அரசுத் தொலைக்காட்சி அவரைப் பல ஆண்டுகள் ஒதுக்கி வைத்தது. கூட்டமோ குறையவில்லை.

மற்றொன்று கிழக்கு ஜாவாவின் கோப்லோ. இதில் கெந்தாங் மேளம்தான் எஜமான். வேகம் கூடுதல், உபதேசம் குறைவு. கல்யாண மேடைகளில் வளர்ந்த இந்த இசையைத் திருட்டு விசிடிகள் நாடெங்கும் கொண்டுசென்றன. அந்த வழியில் புகழ்பெற்ற பாடகி இனுல் தராதிஸ்தாவின் இடுப்பாட்டத்தை 2003இல் ரோமாவே கடுமையாகக் கண்டித்தார். (கண்டனத்தால் கிடைத்த விளம்பரத்தைக் காசு கொடுத்து வாங்கியிருக்க முடியாது.) 2018இல் ஜகார்த்தா ஆசிய விளையாட்டுப் போட்டியின் தொடக்க விழாவில் பாடியவர்களில் ஒருவர் கோப்லோ மேடைகளில் வளர்ந்த வியா வாலன்.

கோப்லோவின் பலவீனம் பணக்கணக்கு. பிறர் பாடல்களை மறுபடி பாடியே பல குழுக்கள் பிழைக்கின்றன. எழுதியவருக்கு உரிமைத்தொகை போய்ச் சேருவது அரிது. யூடியூப் வந்த பிறகும் அந்தச் சச்சரவு ஓயவில்லை.

வரிகளுக்காகக் கேட்பவர் ரோமாவிடம் போகலாம். எனக்குக் கோப்லோ போதும், அதுவும் ஸ்டூடியோப் பதிவு வேண்டாம், மேடைப் பதிவாக.